கண்டதும் நிறுவியதும்

நுழையும்முன்

கணிதத்தில் விடையைக் காண்பது ஒரு திறன். அவ்விடை எக்காலத்தும் எவ்விடத்தும் மெய்யாகும் என்பதை ஐயமற நிறுவுவது மற்றொரு திறன். முதல் திறனை இயல்பாகவே பெற்றிருந்த ஒருவர், இரண்டாவதைத் தம் இருபத்தாறாம் வயதில் கடல் கடந்து சென்று மாணவராக அமர்ந்து கற்றார். கணிதமேதை சீனிவாச இராமானுஜனின் வாழ்வில் அக்கல்வி பெற்ற இடத்தை எடுத்துரைக்கிறது இப்பாடம்.

அரசலாற்றங்கரையில்

காவிரியின் கிளைகளுள் ஒன்றாகிய அரசலாறு, கும்பகோணத்தைத் தொட்டு ஓடி, வழியெங்கும் வயல்களுக்கு நீர் தந்து, காரைக்காலில் வங்கக்கடலோடு கலக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் ஒரே ஆற்றங்கரையைச் சேர்ந்த இவ்விரண்டு ஊர்களும் இரு வேறு ஆட்சிகளின்கீழ் இருந்தன. கும்பகோணம் ஆங்கிலேயரின் சென்னை மாகாணத்தைச் சேர்ந்தது. காரைக்கால் பிரெஞ்சுக்காரரின் ஆளுகையில் இருந்தது. ஆட்சி வேறுபட்டதைப் போலவே அவ்விரு நாடுகளின் கணித மரபுகளும் அந்நாளில் வேறுபட்டிருந்தன. அந்த வேறுபாடு, கும்பகோணத்தில் வளர்ந்த ஓர் இளைஞரின் வாழ்வை நெடுந்தொலைவு சுற்றி வந்து தொட்டது.

இராமானுஜன் 1887ஆம் ஆண்டு டிசம்பர் 22ஆம் நாள் ஈரோட்டில் தம் தாய்வழிப் பாட்டியின் இல்லத்தில் பிறந்தார். தந்தை சீனிவாச ஐயங்கார் கும்பகோணத்தில் துணிக்கடை ஒன்றில் கணக்கெழுதி வந்தார். தாயார் கோமளத்தம்மாள் கோவிலில் பக்திப் பாடல்கள் பாடுவார். சாரங்கபாணி கோவில் சன்னதித் தெருவில் இருந்த சிறிய வீட்டில் இராமானுஜன் வளர்ந்தார். நகர உயர்நிலைப் பள்ளியில் பயின்றபோதே, மேல்வகுப்பு மாணவர்களுக்குரிய முக்கோணவியல் நூலைத் தாமே கற்றுத் தேர்ந்தார்.

1903ஆம் ஆண்டில் அவர் கைக்கு மற்றொரு நூல் வந்தது. கார் என்னும் ஆங்கிலேய ஆசிரியர், தேர்வுக்குப் படிக்கும் மாணவர்களுக்காகத் தொகுத்த கணிதக் கையேடு அது. ஏறத்தாழ ஐயாயிரம் முடிவுகள் அதில் வரிசையாக எண்ணிட்டு அடுக்கப்பட்டிருந்தன. ஆனால், அவற்றுட் பெரும்பாலானவற்றுக்கு நிறுவல் இல்லை. இருந்தாலும் ஓரிரு வரிக் குறிப்பாகவே இருந்தது. மற்றவர்க்கு அது நினைவூட்டும் கையேடு. இராமானுஜனுக்கோ அதன் ஒவ்வொரு வரியும் ஓர் அறைகூவலாயிற்று. ஒவ்வொரு முடிவையும் தம் வழியில் தாமே அடைந்தார். அடைந்த பின் அதற்கு அப்பாலும் சென்றார். கணித நூல் என்றால் முடிவுகளை மட்டும் எழுதி வைப்பது என்னும் எண்ணமும் அந்நூலிலிருந்தே அவருள் வேரூன்றியது.

சிலேட்டும் குறிப்பேடும்

1904ஆம் ஆண்டில் உதவித்தொகையுடன் கும்பகோணம் அரசுக் கல்லூரியில் சேர்ந்த இராமானுஜன், கணிதம் தவிர்த்த பாடங்களில் மனம் செலுத்தவில்லை. ஆங்கிலத்தில் தேர்ச்சி தவறியதால் உதவித்தொகையை இழந்தார். பின்னர்ச் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் சேர்ந்தும் இடைநிலைக் கலைத் தேர்வில் வெற்றி பெற இயலவில்லை. பட்டம் இல்லை; வேலை இல்லை. 1909ஆம் ஆண்டில் ஜானகி அம்மாளுடன் திருமணமும் நடந்தது. குடும்பப் பொறுப்பு வந்த பின்னும் எண்களே அவரது பகலையும் இரவையும் நிரப்பின.

தாள் வாங்கப் பணமில்லாத அவர், சிலேட்டில் கணக்கிட்டார். எழுதியதை முழங்கையால் அழித்துவிட்டு மேலும் எழுதினார். இறுதியில் கிடைத்த முடிவை மட்டும் குறிப்பேட்டில் பதிந்தார். அம்முடிவுக்கு இட்டுச்சென்ற படிகள் சிலேட்டோடு மறைந்தன. அவ்வாறு நிரம்பிய குறிப்பேடுகளில் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட முடிவுகள் இடம்பெற்றன. அவற்றைக் கண்டவர்கள் வியந்தனர். ஆனால், அவை சரியா தவறா என்று சொல்ல அவர்களிடம் வழியில்லை.

மூன்றா, நான்கா?

1911ஆம் ஆண்டில் இந்தியக் கணிதக் கழகத்தின் இதழில் இராமானுஜன் வாசகர்களுக்கு ஒரு வினாவை விடுத்தார். √(1 + 2√(1 + 3√(1 + 4√(1 + …)))) என முடிவின்றி உள்நோக்கிச் செல்லும் வர்க்கமூலத்தின் மதிப்பு என்ன என்பதே அவ்வினா. மாதங்கள் பல கடந்தும் ஒருவரும் விடை அனுப்பவில்லை. இராமானுஜனே விடையளித்தார். விடை 3.

அவர் காட்டிய வழி எளியது. 3 என்பது √9. அந்த 9ஐ 1 + 2 × 4 என எழுதலாம். அதிலுள்ள 4 என்பது √16. அந்த 16ஐ 1 + 3 × 5 என எழுதலாம். 5 என்பது √25; 25 = 1 + 4 × 6. இவ்வாறு தொடர்ந்தால் வினாவில் உள்ள வடிவம் தானே விரிகிறது. ஒவ்வொரு படியும் மறுக்கவியலாத உண்மை.

ஆயினும், இங்கே ஓர் இடர் மறைந்திருக்கிறது. 3க்குப் பதிலாக 4இல் தொடங்கினாலும் இதே விளையாட்டை ஆடலாம். 4 = √16; 16 = 1 + 2 × 7.5, 7.5 = √56.25, அந்த 56.25ஐ 1 + 3 × (55.25 ÷ 3) என எழுதலாம். இப்படியே முடிவின்றித் தொடர்ந்தால் அதே வடிவத்தின் மதிப்பு 4 என்றும் சொல்லத் தோன்றும். ஒவ்வொரு படியும் இங்கும் சரியே. ஒரே வடிவத்துக்கு இரண்டு மதிப்புகள் இருக்கவியலாது. எனவே, படிகள் சரியாக இருப்பது மட்டும் போதாது; முடிவிலியை நோக்கிச் செல்லும்போது உள்ளே எஞ்சி நிற்பது என்னவாகிறது என்பதையும் காட்ட வேண்டும்.

அதைக் காட்டும் வழி உண்டு. உள்ளே செல்லும் தொடரை ஓரிடத்தில் வெட்டி, எஞ்சிய பகுதிக்கு 1ஐ இட்டால் 1, 1.73, 2.24, 2.56, 2.76 என மதிப்புகள் ஏறுகின்றன. கடைசி மதிப்பைப் பெறும்போது உள்ளே 7 இருக்க வேண்டிய இடத்தில் 1 இடப்பட்டது. அங்கே வேறுபாடு ஏழு மடங்கு. வெளிநோக்கி வரும்போது ஒவ்வொரு வர்க்கமூலமும் அந்த மடங்கை அதன் வர்க்கமூலத்துக்கு மேற்படாமல் குறைத்துவிடுகிறது. நான்கு மூலங்களைக் கடந்தபின் அது 1.13 மடங்குக்குள் அடங்குகிறது. இன்னும் ஆழத்தில் வெட்டினால், உள்ளே விடுபடும் எண் சிறிதளவே வளர்கிறது. அதைக் குறைக்கும் மூலங்களோ மிகுகின்றன. எனவே, வேறுபாடு இறுதியில் மறைந்தே தீரும். மதிப்பு 3 என்பது உறுதியாகும். 4இல் தொடங்கிய தொடரில் உள்ளே எஞ்சும் எண்கள் மூலங்களால் அடக்க முடியாத விரைவில் பெருகுகின்றன. ஆகவே அவற்றைப் புறக்கணிக்க இயலாது.

இராமானுஜனின் விடையில் இப்பகுதி இடம்பெறவில்லை. அவர் கண்டது உண்மை. அவ்வுண்மையை நிறுவுவதற்கான கடைசிக் கண்ணி விடுபட்டிருந்தது. இத்தகைய மூலத்தொடர்கள் எப்போது ஒரு மதிப்பில் நிலைபெறும் என்பதற்கான பொதுவிதியைப் பின்னாளில் வகுத்தவர்களுள் தமிழ்நாட்டுக் கணிதவியலாளர் தி. விஜயராகவனும் ஒருவர்.

கடிதங்களின் காலம்

1912ஆம் ஆண்டு மார்ச் முதல் நாள், சென்னைத் துறைமுகப் பொறுப்புக் கழகத்தில் மாதம் 30 ரூபாய் ஊதியத்தில் இராமானுஜன் எழுத்தராகச் சேர்ந்தார். அவரது குறிப்புகள் சில இலண்டனில் இருந்த பேராசிரியர் ஹில்லுக்கு அனுப்பப்பட்டன. அவற்றுள் 1 + 2 + 3 + 4 + … என்னும் தொடரின் மதிப்பு −1/12 என்றிருந்தது. விரிந்து செல்லும் தொடர்களைக் கையாளுவதில் உள்ள படுகுழியில் இவ்விளைஞர் விழுந்திருப்பதாக ஹில் கருதினார். முடிவிலாத் தொடர்கள் பற்றிய பிராம்விச்சின் நூலைப் படிக்குமாறு அறிவுறுத்தினார். கூட்டல் என்னும் சொல்லுக்கு விரிந்த பொருள் கொடுத்தால் அம்முடிவுக்குப் பொருளுண்டு. அந்தப் பொருளை இராமானுஜன் வரையறுத்துச் சொல்லாததால் உண்மையும் பிழைபோலத் தோன்றியது.

1913ஆம் ஆண்டு ஜனவரி 16ஆம் நாள், கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரியின் ஹார்டிக்கு இராமானுஜன் கடிதம் எழுதினார். ஏறத்தாழ 120 தேற்றங்கள் நிறுவலின்றி அதில் அடுக்கப்பட்டிருந்தன. ஹார்டியும் அவருடைய நண்பர் லிட்டில்வுட்டும் அவற்றை ஆராய்ந்தனர். சில முன்பே அறியப்பட்டவை. சில கடினமாக உழைத்தால் நிறுவத்தக்கவை. இன்னும் சில, அவர்கள் அதுவரை கண்டிராதவை. எழுதியவர் பெருமேதை என்பதில் இருவருக்கும் ஐயம் எழவில்லை. பிப்ரவரி 8ஆம் நாள் எழுதிய மறுமொழியில் ஹார்டி, நிறுவல்களை அனுப்புமாறு வற்புறுத்திக் கேட்டார்.

இராமானுஜன் உடனே நிறுவல்களை அனுப்பவில்லை. தம் முறைகளை ஒரே கடிதத்தில் விளக்கினால் அவை புரிந்துகொள்ளப்படா என்று அஞ்சினார். தம் முடிவுகளை ஹார்டியே சோதித்துப் பார்த்து, அவை சரியென்று கண்டால் தம் உழைப்புக்கு மதிப்பு உண்டு என ஒப்புக்கொண்டால் போதும் என வேண்டினார். அரைவயிற்று வாழ்வில் மூளையைக் காக்க முதலில் உணவு வேண்டும் என்பதையும் மறைக்காமல் எழுதினார். ஹார்டியின் ஆதரவு பயன் தந்தது. பட்டம் பெறாத அவருக்குச் சென்னைப் பல்கலைக்கழகம் மாதம் 75 ரூபாய் ஆய்வு உதவித்தொகை வழங்கியது. 1914ஆம் ஆண்டு மார்ச் 17ஆம் நாள் அவர் சென்னையில் கப்பலேறினார்.

பகா எண்களில் நேர்ந்த பிழை

இராமானுஜனின் கடிதங்களில் பகா எண்களைப் பற்றிய ஒரு முடிவும் இருந்தது. ஓர் எண்ணுக்குக் கீழே எத்தனை பகா எண்கள் உள்ளன என்பதை ஏறத்தாழப் பிழையின்றிக் கூறும் வாய்பாட்டைக் கண்டதாக அவர் நம்பினார். அத்தகைய வாய்பாடு, பத்து இலட்சத்துக்குக் கீழே 78,527 பகா எண்கள் இருப்பதாகக் காட்டும். உண்மையான எண்ணிக்கை 78,498. வேறுபாடு 29 மட்டுமே. சோதித்த இடங்களில் எல்லாம் இவ்வளவு நெருங்கி வரும் வாய்பாட்டை எவரும் நம்பத்தான் செய்வர்.

எனினும், பிழையின் அளவைப் பற்றிய அவரது நம்பிக்கை தவறானது. பகா எண்களின் பரவலை ஆளும் சீட்டா சார்பு, கலப்பெண்களின் தளத்தில் எண்ணற்ற இடங்களில் சுழியாகிறது. கும்பகோணத்துக்குக் கலப்பெண் சார்புகளின் கோட்பாடு வந்து சேரவில்லை. ஆகவே, அவ்விடங்களை அவர் கணக்கிற் கொள்ளவில்லை. அதே 1914ஆம் ஆண்டில் லிட்டில்வுட் இத்துறையில் வியப்பூட்டும் ஓர் உண்மையை நிறுவினார். பகா எண்களின் எண்ணிக்கையை மதிப்பிடும் பழைய வாய்பாடு ஒன்று, அதுவரை கணக்கிடப்பட்ட அட்டவணைகள் அனைத்திலும் உண்மை எண்ணிக்கையைவிடச் சற்று மிகுதியாகவே காட்டிவந்தது. எப்போதும் அப்படியே இருக்கும் என்று பலரும் எண்ணியிருக்க, அவ்வுறவு எண்ணற்ற முறை தலைகீழாக மாறும் என்று லிட்டில்வுட் காட்டினார். இலட்சக்கணக்கான சான்றுகள் ஒரே திசையில் நின்றாலும் அவை நிறுவலாகா என்பதற்கு இதைவிடச் சிறந்த சான்று வேண்டியதில்லை.

மாணவரும் ஆசிரியரும்

ஹார்டி நிறுவலில் கடுமையான துல்லியத்தை வேண்டியவர். அத்துல்லியத்தை அவரும் பிறர் வழியே கற்றவரே. அந்நாளில் கேம்பிரிட்ஜின் கணிதக் கல்வி, தேர்வுக்கணக்குகளை விரைந்து செய்யும் பயிற்சியாகவே இருந்தது. காரின் கையேடும் அத்தகைய தேர்வுமுறையின் விளைவுதான். கணிதம் உண்மையில் எத்தகையது என்பதை மாணவராயிருந்த ஹார்டி உணர்ந்தது, பிரெஞ்சுக் கணிதவியலாளர் ஜோர்டானின் பகுப்பாய்வு நூலைப் படித்தபோதுதான். ஜோர்டானுக்கு முன்னோடி, 1821ஆம் ஆண்டில் பாரிசில் மாணவர்களுக்காகப் பகுப்பாய்வு நூலை இயற்றிய கோசி. எல்லை, தொடர்ச்சி, தொடர் ஒருங்குதல் ஆகியவற்றை வரையறுத்த பின்னரே அவற்றைப் பயன்படுத்த வேண்டும் என்னும் மரபை வலுவாக நிலைநாட்டியவர் அவர். அரசலாற்றின் கடைமுகத்தில் கொடியேற்றியிருந்த நாட்டின் இம்மரபு, அதே ஆற்றின் கரையில் வளர்ந்த இராமானுஜனுக்குக் கேம்பிரிட்ஜ் வழியாகவே வந்து சேர்ந்தது.

இருபத்தாறு வயது மேதைக்குக் கற்பிப்பது எளிதாக இல்லை. பாடத்திட்டப்படி அடிப்படையிலிருந்து எல்லாவற்றையும் கற்குமாறு வற்புறுத்தினால், அவரது தன்னம்பிக்கை குலையும். கண்டறியும் ஊக்கமும் வற்றிப்போகலாம். கற்பிக்காமலே விட்டால், பகா எண்களில் நேர்ந்ததைப் போன்ற பிழைகள் தொடரும். ஹார்டி இடைவழியைத் தேர்ந்தார். இராமானுஜன் கொண்டுவந்த முடிவுகளையே பாடமாக்கி, அவற்றுக்குத் தேவைப்பட்ட இடத்தில் தேவையான கோட்பாட்டைச் சொல்லித் தந்தார். இராமானுஜன் வகுப்புரைகளையும் கேட்டார். தம் பல்லாண்டுப் பழக்கத்தை மாற்றிக்கொள்ள மாணவரும் அணியமாயிருந்தார். சில ஆண்டுகளில் அவர் சார்புகளின் கோட்பாட்டில் போதிய தேர்ச்சி பெற்றார். கண்டறியும் ஊற்றும் வற்றவில்லை. தாம் கற்பித்ததைவிட அவரிடமிருந்து கற்றதே மிகுதி என்று ஹார்டி பின்னாளில் பதிவு செய்தார்.

முதற்பெருங்கட்டுரை

1915ஆம் ஆண்டில் இலண்டன் கணிதக் கழகத்தின் இதழில் இராமானுஜனின் நீண்ட கட்டுரை ஒன்று வெளிவந்தது. தனக்கு முந்தைய எண்கள் அனைத்தையும்விட மிகுதியான காரணிகளைக் கொண்ட எண்களைப் பற்றியது அது. 2, 4, 6, 12, 24, 36, 48, 60, 120 என அவ்வெண்கள் தொடங்குகின்றன. 12க்கு ஆறு காரணிகள். அதற்கு முந்தைய எந்த எண்ணுக்கும் ஆறு இல்லை.

இவ்வெண்களின் அமைப்பைப் பற்றி அவர் நிறுவிய தொடக்க உண்மைகளுள் ஒன்று மேல்நிலை மாணவரும் அறியத்தக்கது. இத்தகைய எண்ணைப் பகா எண்களின் அடுக்குகளாகப் பிரித்தால், 2இன் அடுக்கு 3இன் அடுக்குக்குக் குறையாது. 3இன் அடுக்கு 5இன் அடுக்குக்குக் குறையாது. அவ்வரிசை எங்கும் ஏறுவதில்லை. ஏன்? ஓர் எண்ணின் காரணிகளை எண்ண, ஒவ்வோர் அடுக்குடனும் ஒன்றைக் கூட்டிப் பெருக்க வேண்டும். 18 = 2 × 3²; அதன் காரணிகள் 2 × 3 = 6. அடுக்குகளை இடம் மாற்றினால் 2² × 3 = 12; காரணிகள் மீண்டும் 6. எண் சிறிதாயிற்று, காரணிகள் குறையவில்லை. எனவே, 18 அப்பட்டியலில் இடம்பெறாது. சிறிய பகா எண்ணுக்குச் சிறிய அடுக்கு அமைந்த எந்த எண்ணுக்கும் இந்த இடமாற்றம் பொருந்தும். ஆயிரம் எண்களைச் சோதித்தாலும் கிட்டாத உறுதி, இந்தச் சில வரிகளில் எல்லா எண்களுக்கும் கிட்டிவிடுகிறது.

சிலேட்டில் அழிந்துவந்த படிகள் இப்போது தாளில் நின்றன. இந்த ஆய்வுக்காகவே 1916ஆம் ஆண்டு மார்ச்சில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அவருக்கு இளங்கலைப் பட்டம் வழங்கியது. இந்தியாவில் இடைநிலைத் தேர்வில் தேறாதவர் பெற்ற முதல் பட்டம் அது.

இருவர் கூடிய பணி

4 என்னும் எண்ணை 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1 என ஐந்து வகையாகப் பிரிக்கலாம். 10ஐ 42 வகையாகப் பிரிக்கலாம். எண் பெருகப் பெருக இவ்வகைகள் விரைந்து பெருகுகின்றன. அவற்றின் எண்ணிக்கையைத் தரும் வாய்பாட்டை ஹார்டியும் இராமானுஜனும் இணைந்து தேடினர். மிகத் துல்லியமான ஒரு வாய்பாடு இருந்தே தீரும் என்னும் உள்ளுணர்வு இராமானுஜனுடையது. அதனை நிறுவக் கோசியின் தேற்றத்தை அடிப்படையாகக் கொண்ட புதிய முறை உருவாயிற்று. இங்கிலாந்துக்கு வருமுன் இராமானுஜன் கேட்டறியாத தேற்றம் அது. 200ஐப் பிரிக்கும் வகைகள் 39,72,99,90,29,388 என மக்மகோன் கையால் கணக்கிட்டிருந்தார். வாய்பாட்டின் எட்டு உறுப்புகளைக் கூட்டியபோது கிடைத்த விடை, அதனோடு 0.004 அளவே வேறுபட்டது. 1918ஆம் ஆண்டில் வெளியான அந்த ஆய்வின் முறை இன்றும் எண்கோட்பாட்டின் முதன்மைக் கருவிகளுள் ஒன்றாக விளங்குகிறது. உள்ளுணர்வும் நிறுவலும் தனித்தனியே நின்றிருந்தால் அது பிறந்திராது.

அதே ஆண்டில் இராமானுஜன் அரச கழகத்தின் உறுப்பினராகவும், டிரினிட்டி கல்லூரியின் உறுப்பினராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். போர்க்காலத்தின் உணவுத் தட்டுப்பாடும், குளிரும், தனிமையும் அதற்குள் அவர் உடலை உருக்கிவிட்டிருந்தன. 1919ஆம் ஆண்டு மார்ச்சில் நோயுடன் தாயகம் திரும்பினார். 1920ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள் சென்னைச் சேத்துப்பட்டில் தம் 32ஆம் வயதில் மறைந்தார்.

விட்டுச்சென்ற பணி

இறுதி மாதங்களில் படுக்கையிலிருந்தபடியே அவர் எழுதிய தாள்கள், 1976ஆம் ஆண்டில் டிரினிட்டி கல்லூரி நூலகத்தில் ஆண்ட்ரூஸ் என்னும் அமெரிக்கக் கணிதவியலாளரால் கண்டறியப்பட்டன. நோய் வருத்திய அந்நாள்களில் காலம் போதாமையால் அவற்றிலும் முடிவுகளே மிகுதி, படிகள் குறைவு. அவருடைய பழைய குறிப்பேடுகளின் ஒவ்வொரு முடிவையும் நிறுவும் பணியில் புரூஸ் பெர்ன்ட் பல ஆண்டுகள் ஈடுபட்டு, 1985 முதல் 1998 வரை ஐந்து தொகுதிகளை வெளியிட்டார். பெரும்பாலான முடிவுகள் சரியென்றே தெளிவாயின. தவறானவை மிகச் சில.

பள்ளியிலிருந்து கல்லூரிக் கணிதத்துக்குச் செல்லும் மாணவர், மதிப்புக் காண்க என்னும் வினாக்களிலிருந்து நிறுவுக என்னும் வினாக்களுக்கு மாறுகின்றனர். விடை கண்ணுக்குத் தெரிந்தும், அதை எங்கிருந்து தொடங்கி எழுதுவது எனத் தெரியாமல் முதலாண்டில் தடுமாறுவது இயல்பே. மூவாயிரத்துக்கும் மேற்பட்ட முடிவுகளைத் தனியே கண்டெடுத்த ஒருவரும் அத்தடுமாற்றத்தைக் கடந்தே வந்தார். அவர் சிலேட்டில் அழித்த படிகளை மீண்டும் எழுதி நிரப்ப, உலகின் கணிதவியலாளர்களுக்கு ஒரு நூற்றாண்டு தேவைப்பட்டது.